பிரட்டுக்களத்தில் ஒரு திகில் படம்: பழைய மினிடிவி கெமராவில் எடுத்த அனுபவம்

இலங்கை மலையகத்தில் பொகவந்தலாவைப் பக்கம், பெப்ரவரி மாதம், இரவு ஒன்பது மணி. வெளியே பனி இறங்கிக் கை விறைக்கிறது. தேயிலைக்குள் இருந்து ஓடி வந்து லயத்துக் காம்பராவுக்குள், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டின் ஓர் அறைக்குள் நுழைகிறோம். அடுப்பில் விறகு நன்றாகப் பிடித்து எரிகிறது. நாங்கள் எடுக்கும் குறும்படத்தின் கதைப்படி, அதன் நாயகனான பையன் கதவைச் சாத்தி, மூச்சு வாங்க, கெமராவைத் தன் முகத்துக்கு நேரே திருப்ப வேண்டும். திருப்பினான். திரையில் ‘சி:21:00’ என்று மின்னியது. கெமரா நின்றுவிட்டது.

இது பழுது இல்லை. மினிடிவி என்ற சின்ன டிஜிட்டல் வீடியோ கேசட்டில் பதியும் இந்தப் பழைய கெமராக்களுக்குள் ஈரத்தை உணரும் ஒரு சின்னப் பாகம் இருக்கிறது. குளிரில் கிடந்த கெமராவைச் சூடான அறைக்குள் கொண்டுவந்தால் உள்ளே டேப் சுற்றி ஓடும் உலோக டிரம்மில் நீர் பூக்கும். ஈர டிரம்மில் டேப் ஒட்டினால் கேசட்டும் போகும், டிரம்மில் இருந்து படத்தை எழுதி வாசிக்கும் ஹெட்டும் போகும். அதனால் கெமரா தானே நின்று, கேசட்டை எடுத்துவிட்டு ஒரு மணித்தியாலமாவது பொறு என்கிறது. பொறுத்தோம். அன்றைய இரவு அதோடு முடிந்தது.

மலையகத்தில் இப்படி ஒரு கெமராவோடு இறங்குகிறவர்களுக்கு முதலில் இதைத்தான் சொல்வேன். வெளியில் நிற்கும்போதே கெமராவை ஒரு பொலித்தீன் பைக்குள் போட்டு இறுக்கிக் கட்டுங்கள். அப்புறம் உள்ளே கொண்டுபோங்கள். பையின் வெளிப்பக்கம் வியர்க்கும், கெமரா தப்பும். ஆனால் எங்கள் காட்சியே ஓடி வந்து உள்ளே நுழைவதுதான், பைக்கு இடமில்லை. அதனால் மறுநாள் அந்திக்கே அடுப்பை அணைத்துக் கதவையும் ஜன்னலையும் திறந்து வைத்தோம். காம்பரா வெளியைப் போலவே குளிர்ந்த பிறகு, அடுப்புக்குள் மூன்று மெழுகுதிரியும் செம்மஞ்சள் கண்ணாடித்தாள் சுற்றிய ஒரு டோர்ச்சும் வைத்து நெருப்பு வெளிச்சம் செய்தோம். நடித்தவர்கள் நடுங்கியது உண்மையான நடுக்கம்.

எடுத்தது 22 நிமிடக் குறும்படம். யாரோ பதிவு செய்துவிட்டுக் காணாமல் போக, பிறகு கேசட் மட்டும் கிடைத்ததைப் போலக் காட்டும் வகை. கதை 2003 இல் நடக்கிறது. கொழும்பில் கடையில் வேலை செய்யும் ஒரு பையன், கட்டிக்கொடுத்த அக்காவிடமிருந்து கடிதம் வராமல் போனதால் அவளைத் தேடி ஒரு தேயிலைத் தோட்டத்தின் கடைக்கோடி டிவிஷனுக்குப் போகிறான். அங்கே இருப்பவர்கள் வெளியே வருவதை நிறுத்தி ஒரு வருடமாகிறது. அவர்களுக்கென்று ஒரு வழிபாடு உண்டாகியிருக்கிறது.

போனில் எடுத்து, மென்பொருளில் கோடும் புள்ளியும் போட்டுப் பழசாக்கலாமே என்று பலரும் கேட்டார்கள். முதலில் அப்படித்தான் செய்து பார்த்தேன். போன் இருட்டில் தானாகவே வெளிச்சம் கூட்டி, ஆட்டத்தைத் தானாகவே அடக்கிவிடும். அதன் மேல் எத்தனை கோடு போட்டாலும் 2003 ஆம் ஆண்டின் கை அதில் இல்லை. சரி, அந்தக் காலத்துக் கெமராவையே தேடுவோம் என்று இறங்கினோம்.

கிடைத்தது ஹட்டனில், முன்பு கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த ஒரு மாமாவிடம். பத்து வருடத்துக்கு மேலாக அலுமாரியில் கிடந்த மினிடிவி கெமரா. போட்டுப் பார்த்தால் படம் பட்டை பட்டையாக வந்தது. ஒரு பட்டை நன்றாக இருக்கும், அடுத்த பட்டை கட்டம் கட்டமாக உடைந்திருக்கும், பிறகு மறுபடி நல்ல பட்டை. இந்த அடையாளத்தைத் தெரிந்து வைத்துக்கொண்டால் காசு மிச்சம். நம் ஊர்த் தொலைக்காட்சி முறையான பிஏஎல்லில் ஒரு பிரேமை 12 தடமாகப் பிரித்து டேப்பில் எழுதுகிறார்கள். இரண்டு ஹெட் மாறி மாறி எழுதும், மாறி மாறி வாசிக்கும். ஒன்றில் அழுக்கு அடைத்தால் ஒன்றுவிட்டு ஒரு பட்டை போய்விடும். ஒரு தடத்தின் அகலம் 10 மைக்ரோன்தான். தலைமுடி அதைவிடப் பல மடங்கு தடிப்பு. அதனால் கண்ணுக்கே தெரியாத தூசு போதும்.

துடைத்த விதத்தைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், இதில்தான் அதிகம் பேர் கெமராவைக் கொல்கிறார்கள். கேசட் கதவைத் திறந்து, உள் தொட்டில் முழுதாக மேலே வந்ததும் பெட்டரியைக் கழற்றிவிட வேண்டும். அப்போது கதவு திறந்தபடியே நிற்கும். உள்ளே சாய்வாக ஒரு வெள்ளி டிரம் தெரியும், பெரிய பித்தான் அளவு. ஓடும்போது நிமிடத்துக்கு 9000 சுற்று சுற்றுவது இதுதான். நூல் பிரியாத மெல்லிய தோல் துண்டில் 99 வீத ஐசோபுரோப்பைல் அல்ககோல் இரண்டு சொட்டு விட்டு, டிரம்மின் பக்கவாட்டில் ஒற்றிப் பிடித்தேன். மாமா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

“மேலயும் கீழயும் தேச்சா ஹெட்டு ஒடஞ்சிரும் தம்பி. நீ கைய ஆட்டாத. டிரம்ம மட்டும் சுத்து.”

தோல் அசையாமல் நிற்க, மற்றக் கை விரலால் டிரம்மின் மேல் விளிம்பைத் தொட்டு மெதுவாகச் சுற்றினேன். நாலைந்து சுற்றில் தோலில் ஒரு பழுப்புக் கோடு விழுந்தது. தோலை மாற்றி மறுபடி. மூன்றாவது துண்டு சுத்தமாக வந்தது. காதுக்குப் போடும் பஞ்சுக் குச்சியை இதற்கு எடுக்கவே கூடாது, அதன் நார் ஹெட்டில் மாட்டும். அரை மணித்தியாலம் காய விட்டுப் போட்டோம். பட்டை போயிருந்தது. பார்த்ததும் மாமா ஒன்றும் பேசாமல் உள்ளே போய், பிரிக்காத கேசட் ஆறு கொண்டுவந்து கையில் கொடுத்தார்.

கடிகாரத்துக்கான உள் பெட்டரி மட்டும் செத்துக் கிடந்தது. பெட்டரி மாற்றும் ஒவ்வொரு முறையும் திகதியைப் புதிதாகப் போட வேண்டியிருந்தது. 2003 க்கு வைக்க மறந்து எடுத்த ஒரு காட்சியைக் கைவிட்டோம்.

இனிக் கதை. இதில் நான் பெரிதாகத் தவறினேன், அதைச் சொல்லாமல் போக முடியாது.

தனித்துப் போன ஒரு கூட்டம், அதன் வழிபாடு என்று யோசித்தவுடன் என் கை தானாக எடுத்தவை வேப்பிலை, உடுக்கு, தலைவிரித்த சாமியாட்டம், எலுமிச்சம்பழம். பார்த்துப் பழகிய படங்கள் அப்படிப் பழக்கியிருக்கின்றன. ஒரு நாள் இரவு அப்படியே நாலு நிமிடம் சோதனையாக எடுத்து, நாங்கள் தங்கியிருந்த வீட்டு அம்மாயிக்குப் போட்டுக் காட்டினேன். அவர் ஓய்வு பெற்ற கொழுந்துத் தொழிலாளி. முழுதும் பார்த்தார்.

“இது நம்ம முனியாண்டி சாமி கும்புடு மாதிரில்ல இருக்கு. நம்ம ஆளுங்க சாமி கும்புடுறதப் பாத்துதான் ஊரு பயப்படணுமா தம்பி?”

என்னிடம் பதில் இல்லை. கோப்பிக் காலத்தில் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து, வழி நெடுக ஆட்களைப் பறிகொடுத்து வந்தவர்கள் தங்கள் சாமிகளையும் கூடவே கொண்டுவந்தார்கள். அவர்கள் மலைக்கு மலை கல் நட்டுக் கும்பிட்டதைப் பேய்க்கூட்டத்தின் அடையாளமாக நானே காட்டியிருக்கிறேன். அந்த நாலு நிமிடத்தையும் அன்றைக்கே அழித்தோம். கெட்ட கூட்டத்தின் கையில் எங்கள் கோயிலில் உள்ள ஒரு பொருளும் இருக்கக் கூடாது, தப்பு மேளமும் கூடாது என்று முடிவெடுத்தோம்.

அப்படியானால் பயம் எங்கிருந்து வரும்? இந்த இடத்தில் இரண்டு வாரம் நின்றோம். அந்த நாட்களில் ஜோன்ஸ்டவுன் பற்றிக் கிடைத்ததை எல்லாம் படித்தேன். கயானாவில் காட்டுக்குள் ஒரு மதக்குழு தனித்து வாழ்ந்த குடியிருப்பு. 1978 நவம்பர் 18 அன்று 900 க்கும் மேற்பட்டவர்கள் அங்கே இறந்தார்கள், அவர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு பிள்ளைகள். தலைவர் ஜிம் ஜோன்ஸின் குரல் ஒலிபெருக்கியில் குடியிருப்பு முழுக்கக் கேட்டுக்கொண்டே இருக்கும். எல்லாரும் சாக வேண்டும் என்று அவர் சொன்ன கடைசிக் கூட்டத்தைப் பதிந்த ஒலிநாடா சுமார் 44 நிமிடம் இருக்கிறது. அதே நாள் பக்கத்து விமான ஓடுபாதையில் அவருடைய ஆட்கள் சுட்டபோது, அமெரிக்கத் தொலைக்காட்சியான என்பிசியின் ஒளிப்பதிவாளர் பொப் பிரவுன் தான் சுடப்படும் வரை கெமராவை நிறுத்தவில்லை. நாம் கற்பனையாகச் செய்கிற வகைக்கு உண்மையில் நடந்த உதாரணம் இது. இறந்தவர்களின் கடைசி நேரம் என்பதால் அதில் ஒரு நொடியையும் ஒரு வசனத்தையும் எடுக்கக் கூடாது என்று எழுதி ஒட்டிவிட்டுத்தான் மேலே படித்தேன்.

அந்த ஒலிநாடாவில் கிறிஸ்டீன் மில்லர் என்ற பெண் எழுந்து, பிள்ளைகள் வாழ வேண்டும் என்று வாதாடுகிறார். அவரை அடக்குவது தலைவர் மட்டுமில்லை, சுற்றி இருக்கும் சனம். பக்கத்து வீட்டுக்காரர்களாக இருந்தவர்கள். கை தட்டுகிறார்கள். இதைப் படித்த பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. சாமியாட்டத்தைப் பார்த்து எனக்கு வராத பயம், அந்தக் கைதட்டலை நினைத்ததும் வந்தது.

அப்போதுதான் பிரட்டு ஞாபகம் வந்தது. தோட்டத்தில் காலையில் ஆட்களைக் கூட்டிப் பெயர் பார்த்து மலைக்கு அனுப்புவது பிரட்டு, அது நடக்கும் இடம் பிரட்டுக்களம். பெயரும் பதிலும் நம் சனத்தின் நாளை நூறு வருடத்துக்கு மேல் தொடக்கி வைத்திருக்கின்றன. எங்கள் கூட்டம் அதை இரவில் நடத்துகிறது. பெயர் வாசிக்கப்படும், “இருக்கேன்” என்று பதில் வரும். செத்தவர்களின் பெயரும் வாசிக்கப்படும். அதற்கும் யாரோ ஒருவர் “இருக்கேன்” என்பார். பதில் சொல்ல ஆள் இருக்கும் வரை யாரும் சாகவில்லை என்பதுதான் அவர்களின் வேதம். வாசிப்பவர் யார் என்று படத்தில் காட்டவே இல்லை, மரத்தில் கட்டிய குழாய் ஸ்பீக்கரில் குரல் மட்டும்.

வாசிக்கும் பெயர்களுக்கு முதலில் நானே ஒரு பட்டியல் எழுதினேன். தோட்டத்துத் தம்பி ஒருவன் பார்த்துவிட்டு, இதில் பாதிப் பெயர் எங்கள் லயத்தில் செத்துப்போன தாத்தா பாட்டி பெயர் என்றான். பட்டியலைக் கிழித்தோம். கடைசியில் நடித்தவர்கள் தங்கள் சொந்தப் பெயரையே கொடுத்தார்கள். தன் பெயரை இருட்டில் ஸ்பீக்கரில் கேட்பது எப்படி இருக்கும் என்று அன்றைக்குக் களத்தில் நின்றவர்களுக்குத் தெரியும்.

இடம் தேடியதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். மஸ்கெலியாவில், மவுசாகலை நீர்த்தேக்கத்தில் தண்ணீர் வற்றும்போது மூழ்கிப்போன பழைய ஊரின் கோயிலும் பள்ளிவாசலும் விகாரையும் வெளியே தெரியும். கெமராவுக்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. ஆனால் அது ஒரு ஊர் இழந்த இடம், சனம் போய் நின்று கும்பிடுகிறது. விட்டுவிட்டோம். மண்சரிவு அபாயம் என்று ஆட்களை எழுப்பிய ஒரு வெற்று லயத்தையும் பார்த்தோம். 2014 ஒக்டோபர் 29 இல் மீரியபெத்தையில் மண்சரிவு லயங்களைப் புதைத்ததற்குப் பிறகு அந்த மாதிரி இடத்தில் பேய்க்கதை எடுக்க மனம் வரவில்லை, சரிவும் ஆபத்துத்தான். பாவிக்காமல் கிடந்த ஒரு பிரட்டுக்களமும் தொழிலாளர்களின் குழந்தைகளைப் பகலில் விட்டுச்செல்லும் இடமாக இருந்து பூட்டிக்கிடந்த பழைய பிள்ளைக்காம்பராவும் நிர்வாகத்தின் அனுமதியோடு கிடைத்தன.

படம் பிடிக்கும் முன் லயம் லயமாகப் போய்ச் சொன்னோம், பொலிஸுக்கும் கிராம சேவகருக்கும் எழுதிக் கொடுத்தோம். இரவில் தேயிலைக்குள் அலறல் கேட்டால் சனம் கத்தியோடுதான் வரும், வரவும் வேண்டும். சிறுத்தை நடமாட்டம் உள்ள பகுதி என்பதால் ஒருவரும் தனியாக நடக்கவில்லை. அட்டைக்குக் காலில் சவர்க்காரம் பூசினோம்.

இருட்டுக் காட்சி எல்லாம் நைட்ஷாட் என்ற கெமராவின் இருட்டுப் பதிவு முறையில். கெமரா முன்னால் இருக்கும் அகச்சிவப்பு விளக்கு நம் கண்ணுக்குத் தெரியாது, கெமராவுக்குத் தெரியும். கிட்டத்தட்ட மூன்று மீட்டர் வரைதான் எட்டும். கூட்டத்துக்குக் கறுப்பு டீசேர்ட் வாங்கியிருந்தோம். பகலில் நல்ல கறுப்பு. இரவில் நைட்ஷாட்டைப் போட்டதும் அதே சட்டை சாம்பல் கலந்த வெள்ளையாக வந்தது. நான் கண்ணை எடுத்து நேரே பார்த்தேன், கறுப்பு. திரையில் பார்த்தேன், வெள்ளை. பல செயற்கைச் சாயங்கள் அகச்சிவப்பை உறிஞ்சாமல் திருப்பி விடுவதால் இப்படி. எல்லாத் துணியும் அப்படி இல்லை, எங்களிடம் இருந்த ஒரு கறுப்புச் சேலை கறுப்பாகவே நின்றது. கைக்குக் கிடைத்த துணியை எல்லாம் கெமரா முன் பிடித்துப் பார்த்துப் பிரித்தோம். தேயிலை இலையும் அகச்சிவப்பில் வெளிறிப்போய்ப் பனி கொட்டியது போல் தெரியும். பகலில் கறுப்பாக நின்ற மனிதர்கள், இரவில் வெள்ளைத் தேயிலைக்குள் இருந்து மூன்று மீட்டரில் வெள்ளையாக எழுகிறார்கள். ஒரு சதமும் செலவில்லாத வேலை, படத்தில் நான் அதிகம் நேசிப்பது.

சத்தத்துக்கும் மலையே உதவியது. களத்திலிருந்து எதிர் மலைச் சரிவு ஏறத்தாழ 340 மீட்டர். சத்தம் ஒரு வினாடியில் போகும் தூரம். பாதிப் பேரை அங்கே அனுப்பினோம். பெயர் அங்கே போய்ச் சேர ஒரு வினாடி, பதில் திரும்பி வர ஒரு வினாடி. கெமராவின் மைக்குக்கு ஒரு குணம் உண்டு. சத்தம் குறைந்தால் தானாகவே கூர்மையாகி, அமைதியின் இரைச்சலை மேலே தூக்கும். ஆகவே பெயர் கேட்கும், பிறகு ‘ஸ்ஸ்’ என்று இரைச்சல் ஏறிக்கொண்டே வரும், ஏறி முடிகிற இடத்தில் இருட்டு மலையில் இருந்து “இருக்கேன்”. இதற்கு மேல் இசை போட ஒரு நண்பர் ஆசைப்பட்டார். போட்டுப் பார்த்தோம், பயம் செத்துவிட்டது. எடுத்துவிட்டோம்.

1999 இல் வந்த பிளேர் விட்ச் படத்தில் நடிகர்களே கெமராவைச் சுமந்து எட்டு நாள் காட்டுக்குள் நடந்தார்கள், இயக்குநர்கள் ஒவ்வொருவருக்கும் தனித்தனியே குறிப்பு எழுதிக் கொடுத்தார்கள். நாங்களும் துண்டு எழுதினோம். எங்கள் பையனே கெமராவைப் பிடித்தான். எல்லாரையும் உடனே நிறுத்த வேண்டுமானால் “தேத்தண்ணி” என்று சொல்லலாம், யார் சொன்னாலும் காட்சி அங்கேயே நிற்கும் என்று ஒப்புக்கொண்டோம். மூன்றாம் இரவு அக்காவாக நடித்தவருக்கு மட்டும் ஒரு துண்டு: தம்பி பெயர் வாசித்ததும், அவன் வாய் திறக்கும் முன் நீங்கள் பதில் சொல்லுங்கள்.

ஸ்பீக்கரில் அவன் பெயர் வந்தது. இரைச்சல் ஏறியது. அவன் தோளுக்குப் பின்னால், மிகக் கிட்டத்தில், அக்காவின் குரல் மெதுவாக “இருக்கேன்” என்றது. அவன் திரும்பவில்லை. கெமரா மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே இறங்கியது. வெள்ளைப் புல்லும் அவன் செருப்பின் நுனியும். நாற்பது வினாடி அப்படியே. யாரும் “தேத்தண்ணி” சொல்லவில்லை. முடிந்ததும் அவன் உட்கார்ந்துவிட்டான். அக்காவாக நடித்தவர் வந்து அவன் தலையைப் பிடித்துக்கொண்டார். இன்னொரு முறை எடுக்கவில்லை.

கணினிக்கு ஏற்றுவதற்கு, இந்தக் கெமராவின் கம்பியைச் சொருகும் ஃபயர்வயர் துளை உள்ள பழைய டெஸ்க்டாப் ஒன்றைத் தேடிப் பிடித்தோம். ஒரு மணித்தியாலக் கேசட் ஏற ஒரு மணித்தியாலம், இடம் ஏறத்தாழ 13 ஜிபி. ஒரு விடயத்தைக் கவனியுங்கள். இந்தப் படம் வினாடிக்கு 50 அரைப்படமாகப் பதிவாகிறது. அதை 25 பிரேமாக மாற்றினால் சினிமா அசைவு வந்துவிடும். 50 பிரேமாகவே பிரித்தால்தான் வீட்டு வீடியோவின் அந்த வழுக்கும் அசைவு நிற்கும். நான் முதலில் 25 இல் செய்து, ஏன் பொய்யாகத் தெரிகிறது என்று இரண்டு நாள் தேடினேன்.

படத்தின் முடிவை டேப்பே கொடுத்தது. மற்றக் காட்சிகளுக்கு முன்பே அக்காவின் கல்யாணத்தை நாற்பது நிமிடம் அந்தக் கேசட்டில் எடுத்திருந்தோம். தம்பி அதன் மேலேயே பதிகிறான், கொழும்பில் புதுக் கேசட்டுக்குக் காசில்லை. டேப்பில் புதுப் பதிவு எங்கே நிற்கிறதோ, அதற்கு அப்பால் பழையது அப்படியே இருக்கும். கடைசிப் பிரட்டில் கெமரா விழுகிறது, புல், பிரேம் உடைகிறது, அடுத்த நொடி மேளச் சத்தமும் மாலையும், அக்கா சிரிக்கிறாள், மூலையில் திகதி பின்னால் போகிறது. பன்னிரண்டு வினாடி. கேசட் முடிகிறது.

லயத்து வாசலில் போர்வை கட்டிப் போட்டுக் காட்டினோம். அம்மாயி முன் வரிசையில், சால்வையைப் போர்த்தியபடி. முடிந்ததும் எழும்பவில்லை.

“அந்தப் புள்ள கல்யாணத்துல எவ்வளவு சந்தோஷமா இருந்திருக்கு” என்றார். பிறகு, “இவனுக்குக் கடுதாசி வரலன்னா, இவன் போட்ட கடுதாசிக்கெல்லாம் என்ன ஆச்சு தம்பி?”

கதையில் அப்படி ஒரு ஓட்டை இருந்ததை நாங்கள் எட்டுப் பேரும் பார்க்கவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை பிள்ளைக்காம்பராவைத் திறந்து ஒரு காட்சி எடுத்தோம். தம்பி டோர்ச்சோடு உள்ளே போகிறான், தொட்டில் கட்டும் கம்பியில் அவன் அனுப்பிய கடிதங்கள் நூலில் கோத்துத் தொங்குகின்றன. எல்லாம் பிரித்திருக்கின்றன. ஒவ்வொன்றிலும் அக்காவின் பெயருக்குப் பக்கத்தில் வேறு வேறு கையெழுத்தில் “இருக்கேன்” என்று எழுதியிருக்கிறது. அந்தக் கையெழுத்துகளில் ஒன்று அம்மாயியுடையது. கேட்டதும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, பென்சிலை அழுத்திப் பிடித்து, எழுத்துக் கூட்டி எழுதிக் கொடுத்தார்.